மிமிக்ரிக்குத் தொண்டை மட்டும் போதுமா? வடசென்னை மேடையை வைத்து ஒரு விவாதம்

தண்டையார்பேட்டை வாசகன் | 12 ஜூலை 2025

நேரா விஷயத்துக்கு வர்றேன். மிமிக்ரி பிறவித் தொண்டை. இருபது குரல் கையில் இருந்தா ஆடி மாசம் முழுக்க மேடை, அடுத்து டிவி, அடுத்து சினிமா. நம்ம பக்கத்துப் பசங்களுக்கு அந்தத் தொண்டை இருக்கு. ஆனா வாயைத் திறந்தா மெட்ராஸ் பாஷை வந்துடுது. சிவாஜி வசனமோ கலைஞர் பேச்சோ எடுத்தா ரெண்டாவது வரியில் ஊர் தெரிஞ்சுடுது. நிறைய பேர் தெருமுனை மேடையோடு நின்னுபோறதுக்கு அதுதான் காரணம்னு நினைக்கிறேன். தொழில் தெரிஞ்சவங்க சொல்லுங்க.

டப்பிங் பெரம்பூர் | 12 ஜூலை, இரவு

தொண்டை பாதி வேலைகூடச் செய்யாது. ஒருவர் எங்கே மூச்சு எடுக்கிறார், எந்த எழுத்தை நீட்டுகிறார், எங்கே நிறுத்துகிறார், வாக்கியம் முடியும்போது குரல் ஏறுகிறதா இறங்குகிறதா என்பதை வைத்துத்தான் கேட்பவர் ஆளைக் கண்டுபிடிக்கிறார். சுருதி ஏறக்குறைய இருந்தால் போதும், தாளம் தப்பக் கூடாது. ரகுவரனைப் பாருங்கள். 1990ல் வந்த 'புரியாத புதிர்' படத்தில் 'ஐ நோ' என்பதைத் திரும்பத் திரும்பச் சொல்வார். குரல் துளியும் ஒத்துப்போகாத ஆள்கூட அந்த இடைவெளிகளைச் சரியாக விட்டால் கூட்டம் கைதட்டிவிடும்.

ஆகவே முதல் பயிற்சி காதுக்கு. ஒரே ஒரு நடிகர், அவருடைய முப்பது வினாடிப் பேச்சு. பின்னணி இசை இல்லாத பகுதியாகப் பார்த்து எடுக்க வேண்டும். போனில் முக்கால் வேகத்தில் ஓடவிட்டு, தாளில் வசனத்தை எழுதி, மூச்சு எடுக்கும் இடத்தில் ஒரு கோடு, நிறுத்தும் இடத்தில் இரண்டு கோடு, நீட்டும் எழுத்தின் மேல் ஒரு வளைவு போடுங்கள். அதற்குப் பிறகு சொந்தக் குரலிலேயே அந்தத் தாளத்தில் பேசிப் பழக வேண்டும். தாளம் உட்கார்ந்த பிறகுதான் குரலை மாற்ற வேண்டும். பெரும்பாலோர் முதல் நாளே தொண்டையை நெரித்துக்கொண்டு ஆரம்பிக்கிறார்கள். அதனால்தான் நாற்பது குரல் தெரியும் என்று சொல்கிறவரிடம் கேட்டால் நாற்பதும் ஒரே ஆள் மாதிரி இருக்கும்.

மைக்செட் ராயபுரம் | 13 ஜூலை

பெரம்பூரார் சொன்னது சரி. ஆனா தெருவில் நடக்கிற நிகழ்ச்சியில் அந்தத் தாளத்தையே கெடுக்கிற சாமான் ஒண்ணு இருக்கு. ஹாரன், அதாவது குழாய் ஸ்பீக்கர். நாளைக்கு விளக்கமா எழுதறேன்.

காசிமேடு | 13 ஜூலை

மெட்ராஸ் பாஷை தடைன்னு சொல்றதை நான் ஒத்துக்க மாட்டேன். நடிகர் சந்திரபாபு தூத்துக்குடியில் பிறந்தவர். 1958ல் 'சபாஷ் மீனா'வில் ரிக்‌ஷாக்காரரா வந்து அந்தப் பாஷையைப் பேசித்தான் பேர் வாங்கினார். லூஸ் மோகன் காலம் பூரா அதுலயே சோறு சாப்பிட்டார். வெளியூர்லேர்ந்து வந்தவர் கத்துக்கிட்டுப் பேசினதுக்கு ஊரே சிரிச்சுது. இங்கே பிறந்த பையனுக்கு அது கைமுதல்.

டப்பிங் பெரம்பூர் | 13 ஜூலை

கைமுதல்தான். ஆனால் முதல் பதிவில் கேட்ட கேள்வி இன்னும் நிற்கிறது. செந்தமிழ்க் குரலில் ஊர் தெரிவது உண்மை. அது வருவது முக்கியமாக மூன்று இடங்களில்.

ஒன்று, ழகரம் யகரமாகிறது. குழந்தை 'கொயந்த' ஆகும், வாழைப்பழம் 'வாயப்பயம்' ஆகும். இரண்டு, முதல் உயிரெழுத்து சரிகிறது. இகரம் எகரமாகவும் உகரம் ஒகரமாகவும் போய்விடும். மூன்று, சொல்லின் கடைசி அசையை விழுங்கிவிடுவது. சிவாஜி வசனத்தில் இந்த மூன்றாவதுதான் அதிகம் அடிவாங்கும், ஏனென்றால் அவர் கடைசி அசையில்தான் அதிர்வை வைக்கிறார்.

முழுப் பேச்சையும் திருத்த வேண்டியதில்லை. மேடையில் சொல்லப்போகும் நாற்பது வரியைத் திருத்தினால் போதும். ழகரத்துக்கு நாக்கு நுனியைப் பின்னால் வளைத்து, அண்ணத்தைத் தொடாமல் நிறுத்தி, நான்கு எண்ணும்வரை ஒலியை இழுத்துப் பழக வேண்டும். தொட்டுவிட்டால் ளகரம். பிறகு நாளிதழின் தலையங்கத்தில் ஒரு பத்தியைச் சத்தமாக, கடைசி அசையை வேண்டுமென்றே கொஞ்சம் நீட்டிப் படிக்க வேண்டும். ஒரு மாதம் தினம் பத்து நிமிடம் செய்தால் வித்தியாசம் காதுக்கே தெரியும்.

மைக்செட் ராயபுரம் | 14 ஜூலை

ஹாரன் சமாச்சாரம். பல தெருவில் மேடைக்குப் பக்கத்தில் ரெண்டு பாக்ஸ், தெரு நெடுக குழாய் ஹாரன் வரிசை. அந்தக் குழாய் சுமார் 300 ஹெர்ட்ஸுக்குக் கீழே உருப்படியா எதையும் பாடாது. ஆம்பளைப் பேச்சின் அடிக்குரல் 85லேர்ந்து 180க்குள்ள. அதனால எம்.ஆர்.ராதாவோட அந்த அடித்தொண்டை உறுமல் மேடைக்கு முன்னாடி உட்கார்ந்தவனுக்குத்தான் கேட்கும். நாலாவது போஸ்ட்டுகிட்ட நிக்கிறவனுக்கு வெறும் கரகரப்பு போகும், கனம் போகாது. ராதாவில் பாதி உறுமல், பாதி திடீர்னு மேலே ஏறுற கீச்சு. ஹாரன் இருக்கிற இடத்தில் அந்த ரெண்டாவது பாதியை நம்பித்தான் சிரிப்பை வைக்கணும்.

அடுத்தது தாமதம். சத்தம் ஒரு வினாடிக்கு 340 மீட்டர் சுமாரா ஓடும். நூறு மீட்டர் தள்ளிக் கட்டின ஹாரனோட சத்தம் மேடைப் பக்கம் திரும்பி வர மூணில் ஒரு பங்கு வினாடி ஆகும். ரஜினி மாதிரி வேகமா அடிச்சா ஒரு சொல்லு மேல இன்னொரு சொல்லு விழுந்து எல்லாம் கொழகொழன்னு ஆயிடும். பாட்டுக்குப் பரவாயில்லை, பேச்சுக்கு ஆகாது. அதனால மிமிக்ரி வரும்போது தூர ஹாரன் ரெண்டைக் குறைக்கச் சொல்லிட்டு மேடை ஏறுங்க. ஆபரேட்டர்கிட்ட முன்னாடியே பேசிட்டா மறுக்க மாட்டாங்க.

எக்கோவை மொத்தமா எடுக்கச் சொல்லணும். கச்சேரிக்காரங்க வெச்ச எக்கோ அப்படியே இருக்கும். யாரும் கவனிக்க மாட்டாங்க. அதில் ஜனகராஜ் குரல் எடுத்தா கிணத்துக்குள்ளேர்ந்து வர்ற மாதிரி இருக்கும்.

மைக்செட் ராயபுரம் | 14 ஜூலை, சற்று நேரம் கழித்து

மைக் பிடிக்கிறதை விட்டுட்டேன். வாடகை செட்டில் பெரும்பாலும் ஷூர் எஸ்எம்58, இல்லேன்னா அதே மாதிரி ஒண்ணு. அது முன்பக்கச் சத்தத்தை எடுத்துப் பின்பக்கத்தைத் தள்ளிவிடும். தலையில் இருக்கிற கம்பிவலை உருண்டையைக் கையால் பொத்தினா அந்தத் தன்மை போயிடும். நாலாப் பக்கமும் எடுக்கும், மேடையில் நம்மைப் பார்த்து வெச்சிருக்கிற மானிட்டர் ஸ்பீக்கர்லேர்ந்து 'கூ'ன்னு ஹவுலிங் அடிக்கும். ஹெலிகாப்டர் சத்தம் பண்றவங்க பத்துப் பேரில் ஒன்பது பேர் பொத்துவாங்க. பொத்தியே ஆகணும்னா அஞ்சு வினாடி மட்டும், அதுவும் ஆபரேட்டரைப் பார்த்துத் தலையாட்டிட்டு.

தூரம்: உதட்டுக்கும் மைக்குக்கும் நடுவில் ரெண்டு விரல் வெச்சா அடிக்குரல் தானா தடிக்கும். ராதா, கலைஞருக்கு அது போதும். தொண்டையை நெரிக்க வேண்டியதே இல்லை, மைக்கே பாதி வேலை பார்த்துடும். ரஜினிக்கு நாலு விரல். சிவாஜி உச்சத்துக்குப் போகும்போது ஒரு சாண் தள்ளி, முகத்தைக் கொஞ்சம் பக்கவாட்டில் திருப்பணும். 'ப' வரிசை எழுத்து டப்புடப்புன்னு அடிச்சா மைக்கை வாய்க்கு நேரா வைக்காம, தாடைக்குக் கீழே சாய்ச்சுப் பிடிங்க.

ரயில் சத்தத்துக்கு விசிலை மைக்குக்கு வெளியே கையைக் குவிச்சு ஊதணும். 'சுக்சுக்' நாக்கு நுனியில், மைக்குக்குக் கிட்ட. வேகம் ஏத்தும்போது சத்தத்தை ஏத்தக் கூடாது, சத்தம் ஏறினா ரயில் கிட்ட வர்ற மாதிரி ஆயிடும். நாம காட்டறது கிளம்புற ரயில்.

காசிமேடு | 15 ஜூலை

போட் இன்ஜினும் சேர்த்துக்கோங்க அண்ணே. உதட்டை மூடி, நெஞ்சிலேர்ந்து 'டுக்... டுக்... டுக்டுக்'னு விட்டு விட்டு. நம்ம பக்கம் அதுக்கு விழற கைதட்டு ஏரோப்ளேனுக்கு விழாது. அந்தச் சத்தத்தோட வாழறவங்க உட்கார்ந்திருக்காங்க, கொஞ்சம் மாறினாலும் கண்டுபிடிச்சுடுவாங்க.

தண்டையார்பேட்டை வாசகன் | 16 ஜூலை

சரி, தொண்டைன்னு நான் சொன்னதுக்கு நிறைய பதில் வந்துடுச்சு. ஆனா எண்ணிக்கை? இருபது குரல் வேண்டாமா? மயில்சாமி நம்ம வடசென்னைதானே, அவரும் குரல்லேர்ந்துதானே வந்தார்?

டப்பிங் பெரம்பூர் | 16 ஜூலை

மயில்சாமி வடசென்னை இல்லை. 1965ல் பிறந்தவர், ஈரோடு பக்கம் சத்தியமங்கலம். சென்னைக்கு வந்து மேடையில் தொடங்கி, 'சிரிப்போ சிரிப்பு' கேசட் மூலம் வீட்டுக்கு வீடு போய், சினிமாவில் நிலைத்தார். 2023 பிப்ரவரியில் காலமானார். அந்தக் கேசட்டை இன்று கேட்டாலும் ஒன்று புரியும்: குரல்கள் சிரிப்பைத் தரவில்லை. குரல்களை ஒரு சூழலில் மோதவிட்டதுதான் சிரிப்பு. முகம் தெரியாத கேசட்டில் அதைச் செய்ய எழுத்து பலமாக இருந்தாக வேண்டும்.

அதே பாடம் பக்கத்து மாநிலத்திலும் உண்டு. கொச்சி கலாபவன் கலைக்குழு 1980களின் தொடக்கத்தில் 'மிமிக்ஸ் பரேட்' என்று கொண்டுவந்தபோது தனி ஆள் குரல் காட்டுவதை விட்டுவிட்டு, நாலைந்து பேர் சேர்ந்து நாடகம் மாதிரி அமைத்தார்கள். ஜெயராம் அந்த மேடையிலிருந்து வந்தவர். இயக்குநர்கள் சித்திக்கும் லாலும் அங்கிருந்து வந்தவர்களே. காட்சி எழுதப் பழகியவர்கள் சினிமாவில் இயக்குநராகவும் ஆக முடிந்தது. தெலுங்கில் வாரங்கல் நேரெள்ள வேணு மாதவ் மிமிக்ரிக்குப் பத்மஸ்ரீ வாங்கினார், 2001ல்.

மாதவரம் ஆர்கெஸ்ட்ரா | 17 ஜூலை

எண்ணிக்கை கேட்டவருக்கு. மெல்லிசைக் கச்சேரியில் மிமிக்ரிக்குக் கிடைப்பது பெரும்பாலும் ஐந்து முதல் ஏழு நிமிடம். பாடகர் தண்ணீர் குடிக்கவும், கீபோர்டுக்காரர் அடுத்த பாட்டுக்கு டோன் மாற்றவும் விடும் இடைவெளி அது. ஒரு குரலுக்கு முப்பது வினாடி என்றால் பத்துக் குரல். அதற்கு மேல் தேவையே இல்லை. ஆனால் அந்தப் பத்தும் கல்லாக நிற்க வேண்டும்.

முதல் குரலுக்கு முன்னால் 'அடுத்ததாக நடிகர் திலகம்' என்று பெயர் சொல்லி அறிமுகப்படுத்தும் வழக்கம் செத்துவிட்டது. பெயர் சொன்னால் கூட்டம் ஒப்பிட ஆரம்பிக்கும். பெயர் சொல்லாமல் பேசினால் கூட்டம் கண்டுபிடிக்க ஆரம்பிக்கும், கண்டுபிடித்த சந்தோஷத்தில் கைதட்டும். முதலில் எல்லோருக்கும் தெரிந்த குரல். தொண்டையை வருத்தும் ராதாவும் ஜனகராஜும் ஏழு நிமிடத்தில் நாலாவது, ஐந்தாவது நிமிடத்தில். அதற்கு முன் வைத்தால் மீதிக் குரல்கள் கரகரக்கும். கடைசி இரண்டு நிமிடம் எல்லாக் குரலும் சேர்ந்த ஒரே காட்சி.

வயதையும் பாருங்கள். முன் வரிசையில் சிறுபிள்ளைகள் என்றால் நம்பியார் எடுபடாது, உள்ளங்கையைத் தேய்த்தாலும் யாரென்று தெரியாது. பின்னால் பாட்டிமார் நாற்காலி போட்டிருந்தால் அவர்களுக்காக ஒரே ஒரு பழைய குரல். கல்யாண வரவேற்பு என்றால் நாலு நிமிடத்துக்கு மேல் போகக் கூடாது, பாதிப் பேர் பந்தியில் இருப்பார்கள்.

காசிமேடு | 17 ஜூலை

சேர்ந்த காட்சிக்கு ஒரு மாதிரி போடுங்களேன். சும்மா பேசிக்கிட்டே இருந்தா எப்படி.

மாதவரம் ஆர்கெஸ்ட்ரா | 18 ஜூலை

இதோ. இடம் கொருக்குப்பேட்டை, தண்ணி லாரி வருகிறது. லாரி சத்தம், ஏர் பிரேக் 'புஸ்ஸ்'. இது வாயிலேயே வர வேண்டும்.

நம்பியார் (கையைத் தேய்த்தபடி, பல்லைத் திறக்காமல்): ம்ம்... வந்துவிட்டதா? ஓஸ் பைப்பை என் பக்கம் திருப்பு.

சிவாஜி (அடியில் தொடங்கி, ஒரே மூச்சில் ஏறி): நான்கு நாள்! நான்கு நாள் காத்துக் கிடந்தேனடா, இந்த நான்கு குடத்துக்காக!

ராதா (உறுமலில்): நாலு நாளா குளிக்காதவனெல்லாம் வரிசையில் நிக்கிறான்... (கீச்சில்) வரிசையே நாறுது!

ரகுவரன்: தண்ணி... (இடைவெளி) வரும். (இடைவெளி) தண்ணி... வராது.

கடைசியாகச் சொந்தக் குரலில், தெருவில் இருக்கும் அக்கா: அக்காங், பேசினே இருங்க எல்லாரும். லாரி பூட்ச்சி!

ஐம்பது வினாடி ஓடும். சினிமா வசனம் ஒன்றுகூட இல்லை. பெரிய சிரிப்பு விழுவது கடைசி வரிக்கு, அதாவது எந்த நடிகரையும் காட்டாத வரிக்கு. தண்டையார்பேட்டையார் தடை என்று சொன்ன பேச்சு அங்கேதான் வேலை செய்கிறது. இதையே தி.நகர் சபாவில் போட்டால் லாரியை எடுத்துவிட்டு அபார்ட்மென்ட் சங்கக் கூட்டம் வைக்க வேண்டும். அக்காவை மட்டும் மாற்ற வேண்டாம்.

பெண் குரல் பற்றி ஒரு வார்த்தை. ஆண்கள் பெண் குரல் என்றால் உடனே கள்ளக் குரலுக்கு, அதாவது செயற்கையான மெல்லிய கீச்சுக் குரலுக்கு, தாவுகிறார்கள். கார்ட்டூன் மாதிரி ஆகிவிடும். சுருதியைக் கொஞ்சம் மட்டும் ஏற்றி, வாயைச் சிறிதாகத் திறந்து, பேசும் வேகத்தையும் இழுவையையும் பிடித்தால் போதும். இந்த அக்காவுக்கு 'பேசினே'யில் உள்ள இழுவைதான் உயிர்.

டப்பிங் பெரம்பூர் | 20 ஜூலை

எம்.ஜி.ஆர் குரல் எடுப்பவர்களுக்கு. 1967 ஜனவரி 12ல் எம்.ஆர்.ராதா சுட்டதில் குண்டு கழுத்தில் பாய்ந்தது. அதற்கு முன் உள்ள பேச்சு வேறு, பின் உள்ள பேச்சு வேறு. மேடையில் பலர் இரண்டையும் கலந்துவிடுகிறார்கள், 1950களின் வசனத்தைப் பிந்தைய கனத்த குரலில் பேசுகிறார்கள். பெரியவர்களுக்கு உடனே உறுத்தும். இன்னொன்று, அந்தக் கனத்தைச் சிரிப்புக்காக மிகைப்படுத்த வேண்டாம். அது காயத்தின் விளைவு. வடசென்னையில் அவர் படத்துக்கு இன்றும் மாலை போடும் வீடுகள் இருக்கின்றன, அந்த மரியாதையோடு எடுத்தால்தான் எடுபடும்.

மைக்செட் ராயபுரம் | 2 ஆகஸ்ட்

ஆடி நடந்துக்கிட்டிருக்கு, அவசரமா ஒண்ணு. ராத்திரி 10 மணிக்கு மேல ஒலிபெருக்கி கூடாது, 2000ஆம் வருஷ ஒலி மாசு விதி. எட்டரைக்கு ஆரம்பிக்கிற கச்சேரியில் 'மிமிக்ரியைக் கடைசியா வெச்சுக்கலாம்'னு சொன்னாங்கன்னா அது நடக்கவே நடக்காதுன்னு அர்த்தம். ஒன்பதேகாலுக்குள்ள மேடை வேணும்னு புக்கிங்கிலேயே பேசிடுங்க.

மாதவரம் ஆர்கெஸ்ட்ரா | 2 ஆகஸ்ட்

ஒரு சேர்க்கை. பண்டிகை நாட்களுக்காக 12 மணிவரை தளர்த்த மாநில அரசுக்கு அதே விதியில் அதிகாரம் உண்டு. வருடத்துக்கு 15 நாளுக்கு மிகாமல். எந்தெந்த நாள் என்று அரசு அறிவித்திருக்க வேண்டும். கமிட்டிக்காரர் வாயால் சொல்வது போதாது, காவல் நிலைய அனுமதிக் கடிதத்தில் நேரம் என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள்.

பணமும் அப்படித்தான். பாதி முன்பணம் புக்கிங் அன்றே, மீதி மேடை ஏறும் முன். இறங்கிய பிறகு கேட்டால் பொருளாளர் அன்னதானத்துக்குப் போயிருப்பார். தேதி, இடம், நேரம், நிமிடம், தொகை ஐந்தையும் வாட்ஸப்பில் எழுதி 'சரி' என்று பதில் வாங்கிவிடுங்கள்.

காசிமேடு | 3 ஆகஸ்ட்

கட்சிக்காரங்க நடத்துற விழாவா இருந்தா தலைவர் குரல் எடுக்கலாமான்னு முன்னாடியே கேட்டுடணும். எடுக்கலாம்னு சொன்னாலும், எதிர்க்கட்சித் தலைவர் குரலைக் கேலிக்கு எடுத்தா அடுத்த வாரம் பக்கத்துத் தெரு விழா கையைவிட்டுப் போயிடும். தேர்தல் நேரத்துல காசு நிறைய வரும், வேன் மேல நின்னு பேசச் சொல்லுவாங்க. அதுக்கப்புறம் பொது மேடையில் உங்களை அந்தக் கொடியோடதான் பார்ப்பாங்க. அது தெரிஞ்சு போங்க.

தண்டையார்பேட்டை வாசகன் | 9 ஆகஸ்ட்

தொண்டை கட்டிக்கிட்டா என்ன பண்றது? ஆடியில் அடுத்தடுத்து மூணு நாள் மேடை வந்தா மூணாவது நாள் எல்லாருக்கும் குரல் போயிடுது. மென்தால் மிட்டாய் போட்டுக்கிட்டு ஏறுறாங்க.

டப்பிங் பெரம்பூர் | 10 ஆகஸ்ட்

மிட்டாய்தான் ஆபத்து. மென்தால் வலியை மறைக்கும், வீக்கத்தைக் குறைக்காது. வலி தெரியாமல் இன்னும் அழுத்துவார்கள். ராதா, ஜனகராஜ் போன்ற உறுமல் குரல்களில், குரல்நாண்களுக்கு மேலே இருக்கும் போலிக் குரல்நாண்கள் நெருங்கி அதிர்கின்றன. சிலர் அது இல்லாமல் குரல்நாண்களையே ஒன்றோடொன்று இடிக்கவிட்டுக் கரகரப்பைக் கொண்டுவருகிறார்கள். தினம் அப்படி இடித்தால் நாணின் ஓரத்தில் காய்ப்பு விழும். முதல் அறிகுறி, மெல்லிய குரலில் உச்சத்தில் பாட முயன்றால் காற்று மட்டும் வரும். பேச்சில் அது தெரியவே தெரியாது.

செய்ய வேண்டியது: மேடைக்கு முன் ஐந்து நிமிடம் ஸ்ட்ரா பயிற்சி. ஒரு டம்ளர் தண்ணீரில் ஸ்ட்ராவின் நுனியை இரண்டு மூன்று சென்டிமீட்டர் மட்டும் விட்டு, 'ஊ' என்று முனகியபடி குமிழி விட வேண்டும். குரலைக் கீழிருந்து மேலே, மேலிருந்து கீழே நகர்த்த வேண்டும். இறங்கிய பிறகும் இரண்டு நிமிடம். உறுமல் குரல் ஒவ்வொன்றும் நாற்பது வினாடிக்கு மேல் போகாமல், அடுத்து ஒரு இலகுவான குரல் வரும்படி வரிசை வையுங்கள். ஆவி பிடிப்பதற்கு வெறும் வெந்நீர் போதும், தைலம் வேண்டாம். தொண்டையைச் செருமுவதற்குப் பதில் ஒரு வாய் தண்ணீர் விழுங்குங்கள். குரல் போனால் கிசுகிசுப்பாகப் பேசவும் வேண்டாம், பலருக்கு அதுவே தொண்டையை இறுக்கிவிடும். பேசாமல் இருப்பதுதான் ஓய்வு.

நிகழ்ச்சி முடிந்து பன்னிரண்டு மணிக்குப் பிரியாணி சாப்பிட்டு உடனே படுப்பது இன்னொரு காரணம். வயிற்று அமிலம் மேலே ஏறிக் குரல்நாணைச் சுடும். காலையில் குரல் கனத்து, தொண்டையில் ஏதோ ஒட்டியது போல இருந்தால் அதுவாக இருக்கலாம். சாப்பிட்டு இரண்டு மணி நேரமாவது கழித்துப் படுக்க வேண்டும்.

கரகரப்பு மூன்று வாரத்துக்கு மேல் நீடித்தால் காது மூக்கு தொண்டை மருத்துவரிடம் குரல்நாணைக் கேமராவில் பார்க்கச் சொல்லுங்கள். நம் பக்கத்தில் ஸ்டான்லி அரசு மருத்துவமனையிலேயே அந்தப் பிரிவு இருக்கிறது.

காசிமேடு | 19 செப்டம்பர்

ரோபோ சங்கர் போயிட்டார். நேத்து. மதுரை மேடையிலேர்ந்து வந்து, உடம்பெல்லாம் மெட்டாலிக் பெயின்ட் பூசிக்கிட்டு ரோபோ மாதிரி ஆடி அந்தப் பேரையே வாங்கினவர். குரலோட உடம்பையும் சேர்த்துக் கொடுத்த கலைஞர்.

மாதவரம் ஆர்கெஸ்ட்ரா | 20 செப்டம்பர்

2020 செப்டம்பரில் வடிவேல் பாலாஜி, 2023ல் கோவை குணா, இப்போது இவர். மூவரையும் தமிழ்நாடு 'கலக்கப் போவது யாரு' வகை மேடைகளில் பார்த்தது. வடிவேல் பாலாஜிக்கு வடிவேலுவின் சாயல் முகவரியாகவே ஆகிவிட்டது. அது ஒரு பலம், ஒரு சுவரும்கூட. ஒரே நடிகரின் சாயலில் நிற்கும் கலைஞருக்குச் சினிமாவில் வேடம் எழுதுவது கடினம், ஏனென்றால் அந்த நடிகரே இருக்கிறார். அதே மேடையிலிருந்து வந்த சிவகார்த்திகேயன் குரல் காட்டுவதைக் குறைத்துக்கொண்டு தொகுப்பாளராக நிறைய நாள் சொந்தக் குரலில் பேசினார். 2012ல் கதாநாயகனாக வந்தபோது கூட்டத்துக்குப் பழகியிருந்தது அவருடைய சொந்தப் பேச்சு. தொழிலில் இறங்கும் பசங்களுக்கு இதைத்தான் திரும்பத் திரும்பச் சொல்ல வேண்டியிருக்கிறது. ஏழு நிமிடத்தில் இரண்டு நிமிடமாவது சொந்தக் குரல் இருக்கட்டும்.

தண்டையார்பேட்டை வாசகன் | 21 செப்டம்பர்

ஃபேக்டரி விழா இப்பவும் இருக்கா? ஆயுத பூஜை வருது.

மாதவரம் ஆர்கெஸ்ட்ரா | 21 செப்டம்பர்

இருக்கிறது. எண்ணூர், மணலி, அம்பத்தூர் பக்கம் தொழிற்சாலைகளில் ஆயுத பூஜைக்கும் ஆண்டு விழாவுக்கும் அழைக்கிறார்கள். தெரு மேடையைவிட நல்ல இடம்: மூடிய அரங்கம், பாக்ஸ் ஸ்பீக்கர், உட்கார்ந்து கேட்கும் கூட்டம். அங்கே நடிகர் குரலைவிட மேனேஜர் குரலுக்குத்தான் கைதட்டு. இந்தி நகைச்சுவை நடிகர் ஜானி லீவருக்குப் பெயர் வந்ததே அப்படித்தான். மும்பையில் இந்துஸ்தான் லீவர் ஆலையில் தொழிலாளியாக இருந்தபோது விழாவில் அதிகாரிகளைப் போலச் செய்து காட்டியதால் ஒட்டிக்கொண்ட பெயர். ஆனால் வெளியிலிருந்து போகிறவர் முன்கூட்டியே சங்கத்து ஆட்களிடம் கேட்டு, யாரைக் கேலி செய்யலாம், அவர் தாங்குவாரா என்று தெரிந்துகொண்டு செய்ய வேண்டும். திக்குவாய், நடையில் ஊனம் போன்றவற்றைத் தொடவே கூடாது. அவர் அடிக்கடி சொல்லும் ஒரு சொல், போன் எடுக்கும் விதம், இவை போதும்.

காசிமேடு | 4 அக்டோபர்

ஒருத்தர் கேட்கச் சொன்னார். உள்ளூர் ஜவுளிக்கடை விளம்பரத்துக்கு ரஜினி குரல்ல பேசச் சொல்றாங்களாம், நல்ல காசு. பேசலாமா?

டப்பிங் பெரம்பூர் | 4 அக்டோபர்

வேண்டாம். மேடையில் கேலியாக, கலையாகச் செய்வது ஒன்று. ஒரு பொருளை விற்க அந்தக் குரலைப் பயன்படுத்துவது வேறு. 2015ல் சென்னை உயர் நீதிமன்றம் ரஜினிகாந்தின் பெயர், உருவம், வசன பாணி ஆகியவற்றை அவர் அனுமதியின்றி ஒரு இந்திப் படத்தில் பயன்படுத்தத் தடை விதித்தது. 2023 ஜனவரியில் அவர் தரப்பு குரலையும் சேர்த்து பொது எச்சரிக்கையே கொடுத்தது. அதே ஆண்டு செப்டம்பரில் அனில் கபூர் வழக்கில் தில்லி உயர் நீதிமன்றம் குரலையும் பேச்சு முறையையும் வணிகத்துக்குப் பயன்படுத்துவதைத் தடுத்தது. 2010ல் பாடகர் தலேர் மெஹந்தி வழக்கில் அதே நீதிமன்றம் கேலி, நையாண்டிக்கு இடம் இருக்க வேண்டும் என்பதையும் சொன்னது. அந்த இடம் மேடைக்குத்தான், கடைக்கு இல்லை. அமெரிக்காவில் 1988லேயே பாடகி பெட் மிட்லரின் குரலைப் போல வேறொருவரைப் பாடவைத்த கார் விளம்பரத்துக்கு எதிராகத் தீர்ப்பு வந்துவிட்டது.

கடைக்காரரிடம் இப்படிச் சொல்லச் சொல்லுங்கள்: தண்ணி லாரி அக்கா குரலில் விளம்பரம் பேசித் தருகிறேன். அதற்கு யாரிடமும் அனுமதி வேண்டாம்.

மாதவரம் ஆர்கெஸ்ட்ரா | 5 அக்டோபர்

ஏஐ வந்த பிறகு நடிகர் குரல் எடுக்க ஆள் எதற்கு என்று கேட்கிறார்களே, அதற்கு என்ன சொல்வீர்கள்?

டப்பிங் பெரம்பூர் | 6 அக்டோபர்

டப்பிங்கில் அடி விழும். மறைந்த ஒருவரின் குரல் இரண்டு வரிக்குத் தேவைப்பட்டால் முன்பு மிமிக்ரி கலைஞரைக் கூப்பிடுவார்கள். 2024ல் 'லால் சலாம்' படப் பாட்டில் மறைந்த பாடகர்கள் பம்பா பாக்யா, சாகுல் ஹமீது இருவரின் குரலையும் ஏஐ கொண்டு வந்தார்கள். குடும்பத்தாரிடம் அனுமதி வாங்கி ஊதியமும் கொடுத்ததாக ரஹ்மான் சொன்னார். அந்த வேலை இனி குறையும். மேடையில் குறையாது, ஏனென்றால் தெருவில் இன்று மாலை நடந்ததை இன்று இரவே ராதா குரலில் சொல்ல அங்கே நிற்கும் ஆளால்தான் முடியும்.

ஸ்டுடியோவில் கையெழுத்து போடும்போது ஒரு வரியைக் கேட்டு வாங்குங்கள்: இந்தப் பதிவை இந்தப் படத்துக்கு மட்டும் பயன்படுத்தலாம், குரல் மாதிரி உருவாக்கவோ இயந்திரப் பயிற்சிக்கோ கொடுக்கக் கூடாது. வாய்மொழியாகச் சொல்வதை நம்பக் கூடாது. 'சாம்பிள் மட்டும் அனுப்புங்க' என்று கேட்டால் அரை நிமிடத்துக்கு மேல் அனுப்பாதீர்கள், பின்னணியில் லேசாகப் பாட்டை ஓடவிட்டு அனுப்புங்கள்.

மைக்செட் ராயபுரம் | 6 அக்டோபர்

பாட்டு வேணாம், அதைப் பிரிச்சு எடுத்துடற சாப்ட்வேர் போன்லயே இருக்கு. நடுவில் ரெண்டு இடத்தில் சொந்தப் பேரைச் சொல்லிப் பதிவு பண்ணி அனுப்புங்க. பேரை வெட்டி எடுத்தா வசனம் துண்டாயிடும், கேட்கிறவனுக்குத் தெரிஞ்சுடும்.